பிராது கொடுத்து அரசியல்

சமையல் செய்து காட்டியதற்காக ஒரு நாட்டின் பிரதமர் பதவி இழந்தார் என்றால் நம்புவீர்களா? நடந்தது தாய்லாந்தில். சமக் சுந்தரவேஜ் என்பவர் பிரதமராக இருந்துகொண்டே தொலைக்காட்சியில் சமையல் நிகழ்ச்சியும் நடத்தினார். அதற்கு ஒரு தனியார் நிறுவனத்திடம் சிறு தொகை வாங்கியிருந்தார். பிரதமர் தனியாரிடம் வேலை பார்க்கக் கூடாது என்பது அந்நாட்டு அரசியல் சட்டம். 2008 செப்டம்பர் 9 அன்று அரசியல் சட்ட நீதிமன்றம் அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டது.

அந்தப் புகாரை முன்னின்று கொடுத்தவர் அப்போது செனட்டராக இருந்த ருவாங்கிராய் லீகிட்வட்டனா. அத்தோடு அவர் விடவில்லை. 2023 தேர்தலில் பீட்டா என்ற இளைஞரின் கட்சி முதலிடம் பிடித்தது. அவர் பெயரில் மூடிக்கிடந்த ஒரு டிவி கம்பெனியின் 42,000 பங்குகள் இருக்கின்றன என்று இவர் புகார் எழுதினார். அப்பா வழியில் வந்த பங்குகள் அவை. 2024 ஜனவரியில் கோர்ட் பீட்டாவின் எம்.பி. பதவிக்கு ஆபத்தில்லை என்று சொல்லிவிட்டது. ஆனால் அதற்குள் பிரதமர் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்து பல மாதம் ஆகியிருந்தது.

இதைப் படித்ததும் உங்களுக்கு யார் ஞாபகம் வந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். எனக்கும் அவர்தான் வந்தார். மயிலாப்பூரில் 1939ல் பிறந்து, ஹார்வர்டில் பொருளாதாரம் படித்து டாக்டர் பட்டம் வாங்கி, கறுப்பு அங்கி போடாமலே வக்கீல்களைவிட அதிகமாக கோர்ட்டில் பேசிய சுப்பிரமணியன் சுவாமி. அவர் வழக்கறிஞர் இல்லை, அவர் மனைவிதான் வழக்கறிஞர். சுவாமி எப்போதும் 'பார்ட்டி இன் பெர்சன்', அதாவது தன் வழக்கில் தானே வாதாடுகிறவர்.

நான் கீழ்க்கோர்ட்டுகளில் குமாஸ்தாவாகச் சேர்ந்து பெஞ்ச் கிளார்க்காக ஓய்வு பெற்றவன். கட்டுகளைத் தூக்கி வைப்பதும், வாய்தா தேதி எழுதுவதும், பேர் சொல்லிக் கூப்பிடச் சொல்வதும்தான் என் வேலை. பெரிய வழக்குகளைப் பேப்பரில்தான் படித்தேன். ஆனால் பிராது என்ற காகிதம் எப்படிப் பிறக்கிறது, எப்படி நடக்கிறது, யாரை எங்கே கொண்டுபோய் விடுகிறது என்பதைப் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன். அந்த உரிமையில் கொஞ்சம் சொல்கிறேன்.

போலீஸ் ஸ்டேஷனில் கொடுப்பது மட்டும்தான் புகார் என்று பலர் நினைக்கிறார்கள். நேராக மாஜிஸ்திரேட்டிடமே பிராது கொடுக்கலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 200வது பிரிவு. பிராது கொடுப்பவரைச் சத்தியம் செய்யச் சொல்லி வாக்குமூலம் எழுதுவார்கள். சந்தேகம் இருந்தால் 202வது பிரிவில் விசாரிக்கச் சொல்லலாம். சரக்கில்லை என்றால் 203ல் தள்ளுபடி. இருக்கிறது என்று தோன்றினால் 204ல் எதிரிக்குச் சம்மன். இந்த நான்கு எண்களைத்தான் என் சர்வீஸ் முழுக்க எழுதினேன்.

'நீ யார் இதைக் கேட்க? உனக்கு என்ன நஷ்டம்?' என்று பிராது கொடுப்பவரைக் கேட்க முடியுமா? அவதூறு போன்ற சில குற்றங்களுக்குக் கேட்கலாம். பாதிக்கப்பட்டவர்தான் அங்கே வர வேண்டும். லஞ்ச ஊழலுக்கு அப்படி இல்லை. இந்த விஷயத்தைத் தெளிவாக்கியது மகாராஷ்டிர முதல்வராக இருந்த அந்துலே வழக்கு. சிமெண்ட் ஒதுக்கீட்டுக்கு அறக்கட்டளைக்கு நன்கொடை வாங்கினார் என்று பேச்சு எழுந்து, 1982ல் பதவி விலகினார். அவர் மேல் பிராது கொடுத்தவர் ராம்தாஸ் நாயக், பம்பாய் பாஜக தலைவர். அசல் அரசியல் எதிரி. 1984ல் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் சொன்னதன் சாரம் இது: குற்றம் என்பது சமூகத்துக்கு எதிரானது, ஆகவே சட்டம் தனியாகத் தடை போடாதவரை, யார் வேண்டுமானாலும் அந்தச் சக்கரத்தைச் சுற்றிவிடலாம்.

சுவாமி சுற்றிய சக்கரங்களில் நமக்கு நெருக்கமானது ஜெயலலிதா வழக்கு. 1995லேயே, அவர் முதல்வராக இருக்கும்போதே, ஆளுநர் சென்னா ரெட்டியிடம் போய் வழக்குத் தொடர அனுமதி வாங்கியவர் சுவாமி. முதல்வரும் ஆளுநரும் முகம் கொடுத்துப் பேசாத காலம் அது. ஜனதா கட்சிக்குத் தமிழ்நாட்டில் ஆள்பலம் எவ்வளவு என்று உங்களுக்கே தெரியும். கட்சி இல்லை, கூட்டம் இல்லை, ஒரு மனு மட்டும் இருந்தது.

1996 மே மாதம் ஆட்சி மாறியது. ஜூன் 14 அன்று சென்னை முதன்மை செஷன்ஸ் நீதிபதியிடம் சுவாமி பிராது கொடுத்தார். மாதம் ஒரு ரூபாய் சம்பளம் வாங்குகிறேன் என்று சொன்ன முதல்வருக்கு இவ்வளவு சொத்து எப்படி என்பதுதான் கேள்வி. நீதிபதி அதை விசாரணைக்கு அனுப்பினார். லஞ்ச ஒழிப்புப் போலீஸ் உள்ளே வந்தது. அந்த டிசம்பரில் ஜெயலலிதா கைதானார். 1997ல் 66.65 கோடி ரூபாய் சொத்துக் குவிப்பு என்று குற்றப்பத்திரிகை தாக்கலானது.

அடுத்து நடந்ததுதான் நம்ம ஊர் அரசியல். 1998 நாடாளுமன்றத் தேர்தலில் அதே சுவாமி, அதே ஜெயலலிதாவின் கூட்டணியில் மதுரையில் நின்று ஜெயித்தார். 1999 மார்ச்சில் டெல்லி அசோகா ஹோட்டலில் அவர் வைத்த தேநீர் விருந்தில் ஜெயலலிதாவும் சோனியாவும் சந்தித்தார்கள். அடுத்த மாதம் வாஜ்பாய் அரசு ஒரே ஒரு ஓட்டில் கவிழ்ந்தது. டீக்கடையில் அப்போது ஒருவர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "இனிமே அந்தக் கேஸ் அவ்ளோதான் சார். போட்டவரே தோழர் ஆயிட்டாரே."

அவர் நினைத்தது போல் ஆகவில்லை. காரணம், பிராது ஒருமுறை போலீஸ் கைக்குப் போய், முதல் தகவல் அறிக்கையாகி, குற்றப்பத்திரிகையும் ஆகிவிட்டால் அது பிராது கொடுத்தவரின் வழக்கு இல்லை, அரசாங்கத்தின் வழக்கு. அவர் சமாதானமாகப் போனாலும், மனசு மாறினாலும், விருந்தே வைத்தாலும் கட்டு கட்டாகவே இருக்கும்.

ஆனால் அரசாங்கமே எதிரியின் கைக்கு வந்துவிட்டால்? 2001ல் ஜெயலலிதா மறுபடி முதல்வரானார். ஏற்கெனவே சாட்சி சொன்ன 76 பேர் திரும்பக் கூப்பிடப்பட்டார்கள். பெரும்பாலோர் முன்பு சொன்னதை மாற்றிச் சொன்னார்கள். அப்போது கயிற்றை இறுக்கிப் பிடித்தவர் வேறோர் அரசியல் எதிரி, திமுக பொதுச்செயலாளர் க.அன்பழகன். அவர் மனுவின் பேரில் 2003 நவம்பர் 18 அன்று சுப்ரீம் கோர்ட் வழக்கைக் கர்நாடகத்துக்கு மாற்றியது. தமிழ்நாட்டிலேயே இருந்திருந்தால் அந்த வழக்கு என்ன ஆகியிருக்கும் என்பதைச் சொல்லப் பெஞ்ச் கிளார்க் தேவையில்லை.

2014 செப்டம்பர் 27 அன்று பெங்களூருவில் நீதிபதி ஜான் மைக்கேல் டி'குன்ஹா நான்கு ஆண்டு சிறையும் 100 கோடி அபராதமும் விதித்தார். 2015 மே 11 அன்று கர்நாடக உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. அந்தத் தீர்ப்பின் கூட்டல் கணக்கைப் பற்றிக் காய்கறிக் கடையில்கூடப் பேசினார்கள். 2017 பிப்ரவரி 14 அன்று சுப்ரீம் கோர்ட் டி'குன்ஹாவின் தீர்ப்பைத் திரும்ப நிலைநிறுத்தியது. அதற்கு இரண்டு மாதம் முன்பே ஜெயலலிதா இறந்துவிட்டார். சசிகலா சிறைக்குப் போனார், 2021 ஜனவரியில் வெளியே வந்தார்.

சுவாமி அந்தப் பிராதை எதற்காகக் கொடுத்தார்? ஊழல் மேல் கோபமா, அம்மையார் மேல் கோபமா, பேப்பரில் பேர் வரணும் என்ற ஆசையா? 1998ஐ வைத்துப் பார்த்தால் கோபம் ரொம்ப நாள் நிற்கவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். ஆனால் 66.65 கோடியை அவர் மனசு உற்பத்தி செய்யவில்லை. அது பத்திரங்களில், வங்கிக் கணக்குகளில் இருந்தது. மனசு மாறும், பத்திரம் மாறாது.

இதற்கு மறுபக்கம் 2ஜி. 2008 நவம்பரில் அமைச்சர் ஆ.ராசா மேல் வழக்குத் தொடர அனுமதி கேட்டுப் பிரதமர் மன்மோகன் சிங்குக்குச் சுவாமி கடிதம் எழுதினார். 'இப்போது கேட்பது அவசரம்' என்ற பொருளில் பதில் வந்தது 2010 மார்ச்சில், 16 மாதம் கழித்து. அதன்மேல் சுப்ரீம் கோர்ட் போனார். 2012 ஜனவரி 31 அன்று வந்த தீர்ப்பு எல்லோருக்கும் உபயோகமானது. தனிநபரும் ஊழல் பிராது கொடுக்கலாம், அனுமதி கேட்டால் மூன்று மாதத்தில் முடிவு சொல்ல வேண்டும், அரசு தலைமை வழக்கறிஞரைக் கலக்க வேண்டியிருந்தால் இன்னொரு மாதம், அவ்வளவுதான். இரண்டு நாள் கழித்து, பிப்ரவரி 2 அன்று 122 லைசென்சுகளை ரத்து செய்தார்கள்.

ஆனால் கிரிமினல் வழக்கு என்ன ஆனது? 2017 டிசம்பர் 21 அன்று தனி நீதிபதி ஓ.பி.சைனி ராசா, கனிமொழி உள்பட எல்லோரையும் விடுதலை செய்தார். ராசா ஒரு வருஷத்துக்கு மேல் திகார் சிறையில் இருந்தாகிவிட்டது. 2014 தேர்தலும் முடிந்துவிட்டது. 1.76 லட்சம் கோடி என்ற தணிக்கை எண் ஞாபகம் இருப்பவர்களில் எத்தனை பேருக்கு விடுதலைத் தேதி ஞாபகம் இருக்கிறது? பிராதுக்கு விழுந்த தலைப்பின் அளவில் தீர்ப்புக்குத் தலைப்பு விழுவதில்லை. தாய்லாந்து பீட்டாவின் கதையும் இதுதான்.

அடுத்தது நேஷனல் ஹெரால்டு. 1999ல் தேநீர் கொடுத்தவரேதான் சோனியா, ராகுல் மேல் டெல்லியில் பிராது கொடுத்தார். 2015 டிசம்பர் 19 அன்று இருவரும் பாட்டியாலா ஹவுஸ் கோர்ட்டில் வந்து நின்று ஜாமீன் வாங்கினார்கள். வழக்கு வருடக்கணக்கில் நீண்டது.

வேடிக்கை என்னவென்றால், பிராது கொடுத்தே பேர் வாங்கியவருக்கும் பிராது கசந்தது. ஜெயலலிதா அரசு அவர் மேல் அவதூறு வழக்குகள் போட்டது. 'அவதூறைக் கிரிமினல் குற்றமாக வைத்திருப்பதே தவறு' என்று அவர் சுப்ரீம் கோர்ட் போனார். அதே கோரிக்கையோடு ராகுல் காந்தியும் அரவிந்த் கேஜ்ரிவாலும் வந்திருந்தார்கள். மூவரும் சேர்ந்து நின்ற ஒரே இடம் அதுவாகத்தான் இருக்கும். 2016 மே 13 அன்று மூவரும் தோற்றார்கள். சட்டம் செல்லும் என்றார் நீதிபதி தீபக் மிஸ்ரா.

அந்தச் சட்டம் பிறகு யார் மேல் பாய்ந்தது? 2019ல் கோலாரில் பேசிய ஒரு பேச்சுக்காக குஜராத் பாஜக எம்.எல்.ஏ. ஒருவர் சூரத்தில் பிராது கொடுத்தார். 2023 மார்ச் 23 அன்று ராகுலுக்கு இரண்டு ஆண்டு சிறை. அவதூறுக்கு அதிகபட்சமே இரண்டு ஆண்டுதான், எம்.பி. பதவி போவதற்கும் இரண்டு ஆண்டு வேண்டும். மறுநாளே பதவி போனது. ஆகஸ்ட் 4 அன்று சுப்ரீம் கோர்ட் தீர்ப்பை நிறுத்தி வைத்த பிறகுதான் திரும்ப வந்தது.

பெரிய மனிதர்களுக்குப் பெரிய வக்கீல்கள் இருக்கிறார்கள். நான் பார்த்தது சின்ன மனிதர்களை.

நான் வேலை பார்த்த ஒரு கோர்ட்டில் டெய்லர் ஒருவர் வருவார். வார்டு தேர்தலில் தோற்ற ஒருவர், தன்னைப் பற்றி அவதூறாக நோட்டீஸ் அடித்ததாக அவர் மேல் பிராது கொடுத்திருந்தார். உண்மையில் டெய்லர் செய்தது, ஜெயித்தவருக்குக் கடை வாசலில் பந்தல் போட இடம் கொடுத்தது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் கடையைப் பூட்டிவிட்டு வருவார். பிராதுதாரர் இரண்டு தடவைக்கு ஒரு தடவை வரமாட்டார். நாலு வருஷம் போனது. தீபாவளிக்கு முந்தின வாரம்கூட வாய்தா விழுந்தது. டெய்லருக்கு அந்த வாரம் என்றால் என்னவென்று யோசித்துப் பாருங்கள். கடைசியில் பிராதுதாரர் அடியோடு வராமல் போனதால் 256வது பிரிவில் விடுதலை. உத்தரவைப் படித்துச் சொன்னேன். அவர் சந்தோஷப்படவில்லை.

"ஐயா, இந்த நாலு வருஷத்துக்கு நான் எந்தக் கோர்ட்டுல பிராது கொடுக்கணும்?" என்று கேட்டார்.

பொய்ப் பிராது கொடுத்தவரிடம் நஷ்ட ஈடு வாங்கித் தர 250வது பிரிவு என்று ஒன்று உண்டு. என் சர்வீசில் அதைப் பயன்படுத்திப் பார்த்தது மிகமிக அபூர்வம். தொகையும், டெய்லர் இழந்த தையல்கூலிக்குப் பக்கத்தில் வராது. அவருக்கு நான் பதில் சொல்லவில்லை. அடுத்த கட்டைக் கூப்பிட வேண்டியிருந்தது.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். எங்கள் இரும்புலியூர்ப் பக்கம் ஏரிக்குத் தண்ணீர் வரும் கால்வாய் ஒன்று மண் மேடாகிக் கிடந்தது. மேலே ஒரு ஷெட். ஷெட்காரர் ஆளும் புள்ளிக்கு வேண்டியவர். எதிர்க்கட்சிக்காரர் ஒருவர் மனு மேல் மனுவாகப் போட்டார், கலெக்டர் ஆபீசுக்கு, தாசில்தாருக்கு, பிறகு கோர்ட்டுக்கு. தெருவில் எல்லோரும் அவரைத்தான் திட்டினோம். "சீட்டு கிடைக்காத காந்தல்" என்றார்கள். காந்தல்தான், அதில் சந்தேகமில்லை. அவரே என்னிடம் சொன்னார்: "ஆமா சார், அவன் மேல எனக்குக் கோவம்தான். ஆனா கால்வாய் அளவு பட்டாவுல இருக்கே, அது பொய்யா?" ஷெட் போனது, கால்வாய் ஓரளவு திறந்தது. 2015 டிசம்பரில் முடிச்சூரும் வரதராஜபுரமும் மிதந்தபோது, எங்கள் தெருவில் முழங்கால் அளவோடு நின்றது. அந்த ஒரு கால்வாயால்தான் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் திட்டிய யாரும் அதற்குப் பிறகு அவரைத் திட்டிக் கேட்டதில்லை.

அரசியல் எதிரியாக இல்லாமலே புகார் கொடுத்தவரும் நம்மிடம் இருந்தார், டிராபிக் ராமசாமி. சட்டைப் பையில் மனுக்களோடு திரிந்தவர். பேனர் எந்தக் கட்சிக்காரருடையது என்று பார்க்காமல் கிழித்தார், எல்லாக் கட்சிக்காரர்களிடமும் வசவு வாங்கினார். 2019 செப்டம்பர் 12 அன்று பள்ளிக்கரணையில் ஆளுங்கட்சிப் பிரமுகர் வீட்டுக் கல்யாணப் பேனர் ஸ்கூட்டரில் போன 23 வயதுப் பெண் மேல் விழுந்தது. பின்னால் வந்த தண்ணீர் லாரி ஏறி அவர் இறந்தார். அதுவரை ராமசாமியைக் கோமாளி என்று சிரித்தவர்கள் அன்று சிரிக்கவில்லை. அவர் 2021 மே 4 அன்று 87 வயதில் காலமானார். ஆனால் ஊருக்கு ஒரு ராமசாமி கிடைக்க மாட்டார். மற்ற இடங்களில் காந்தல் பிடித்த எதிர்க்கட்சிக்காரரைத்தான் நாம் நம்பியாக வேண்டியிருக்கிறது.

ஆகவே எதிரி கொடுத்த பிராது என்பதற்காகத் தூக்கிப் போடக் கூடாது என்பதே என் கட்சி. ஊழல் செய்தவரைப் பற்றி ஃபைலும் விவரமும் வைத்திருப்பவர் பெரும்பாலும் அவர் எதிரிதான். நண்பர் ஏன் சொல்லப் போகிறார்? ஆனால் வாசலில் ஒரு காவல் வேண்டும். அது 203வது பிரிவு. மாஜிஸ்திரேட் அரை மணி நேரம் ஒதுக்கி அந்த வாக்குமூலத்தைப் படித்தால் பாதிப் பிராது அங்கேயே நின்றுவிடும். கட்டுகள் குவிந்து கிடக்கும் கோர்ட்டில் அந்த அரை மணி கிடைப்பதில்லை. சம்மன் அனுப்புவது சுலபம், படிப்பதுதான் கஷ்டம்.

2024 ஜூலை 1 முதல் வந்த புதிய நடைமுறைச் சட்டத்தில் 200வது பிரிவு 223 ஆகிவிட்டது. எண்ணை மாற்றியதற்கு நானும் முணுமுணுத்தேன், நாற்பது வருஷம் மனப்பாடம் செய்தது ஆயிற்றே. ஆனால் அதில் ஒரு புது வரி இருக்கிறது. பிராதைக் கோப்புக்கு எடுக்கும் முன்பே, குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தன் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும். பெரிய இடத்து வக்கீல்கள் இதையே இழுத்தடிக்கும் வழியாக்கிவிடுவார்கள் என்று என் நண்பர்கள் சொல்கிறார்கள். இருக்கலாம். எனக்கு அந்த வரியைப் படித்ததும் டெய்லர்தான் நினைவுக்கு வந்தார். அன்று அது இருந்திருந்தால், முதல் நாளே "பந்தல் போட இடம் கொடுத்தேன், நோட்டீஸ் நான் அடிக்கவில்லை" என்று சொல்லிவிட்டு, கடையைத் திறக்கப் போயிருப்பார்.